பிரிட்டிஷ் மௌனக் குறும்படங்களில் பார்க்க ஏதாவது இருக்கிறதா?

4 பிப்ரவரி — ஒரு வாசகரின் கேள்வி

பிரிட்டிஷ் மௌனப்படம் என்றால் இயக்குநர் ஹிட்ச்காக். அவரை விட்டால் அந்தோணி அஸ்க்வித். அதற்கு மேல் ஒன்றுமில்லை என்றுதான் படித்த இடத்திலெல்லாம் சொல்கிறார்கள். குறும்படங்களோ மெயின் படத்துக்கு முன்னால் நேரத்தை நிரப்ப ஓட்டியவை. அமெரிக்காவில் சாப்ளினும் கீட்டனும் இரண்டு ரீலில் (சுமார் இருபது, இருபத்தைந்து நிமிடத்தில்) சாதித்துக் காட்டிய பிறகு இவர்கள் செய்தது என்ன? பேசும் படம் வந்து இவற்றை ஒழித்ததில் யாருக்கு நஷ்டம்?

4 பிப்ரவரி, இரவு

நஷ்டம் உண்டு. 1924இலிருந்து 1930 வரை பிரிட்டனில் எடுத்தவற்றில் நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பது பெரும்பாலும் ஒரு ரீல், இரண்டு ரீல் படங்களைத்தான். அந்த ஊர் முழுநீளப் படங்கள் பலவற்றில் மேடை வாடை அடிக்கும். பெயர் பெற்ற நாடகத்தையோ நாவலையோ வாங்குவார்கள், மேடை நடிகரைக் கூட்டி வருவார்கள், டைட்டில் கார்டு (காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டை) போட்டுக் கதையை நகர்த்துவார்கள். குறும்படம் எடுத்தவர் தலையில் அந்தச் சுமை இல்லை. பணம் கொஞ்சம், எதிர்பார்ப்பும் கொஞ்சம், முதலாளி எட்டிப் பார்ப்பதும் குறைவு. அதனால் துணிந்து எதையாவது செய்து பார்த்தார்கள்.

நேரத்தை நிரப்ப ஓட்டியவை என்பது உண்மைதான். நிரப்புவதற்கு ஓட்டியதாலேயே அவை நன்றாக இருக்கின்றன என்பது என் கட்சி.

5 பிப்ரவரி

உதாரணம் கேட்டிருக்கிறீர்கள். 'புளூபாட்டில்ஸ்', 1928. கதை எச். ஜி. வெல்ஸுடையது. திரைக்கதையை அவர் மகன் ஃபிராங்க் எழுதினார், இயக்கியவர் ஐவர் மாண்டேகு. நடிகை எல்சா லான்செஸ்டர் தெருவில் கிடக்கும் ஒரு போலீஸ் விசிலை எடுத்து ஊதிப் பார்க்கிறாள். அவ்வளவுதான், எங்கிருந்தெல்லாமோ போலீஸ்காரர்கள் ஓடி வருகிறார்கள். பிறகு ராணுவம், போர்க்கப்பல், விமானம் என்று பெருகிக்கொண்டே போகிறது. கப்பலும் விமானமும் ஏற்கெனவே எடுத்து வைத்திருந்த பழைய செய்திப்படத் துண்டுகள். அவற்றை வெட்டி ஒட்டியே ஒரு சாம்ராஜ்யத்தின் முழுப் படையையும் ஒரு பெண்ணின் விசிலுக்குப் பின்னால் ஓட விட்டிருக்கிறார் மாண்டேகு. சோவியத்காரர்களின் எடிட்டிங்கை அவர் கூர்ந்து கவனித்தவர். அந்த முறையைச் சிரிப்புக்கு இவ்வளவு சுத்தமாகப் பயன்படுத்திய வேறொரு பிரிட்டிஷ் படத்தை நான் பார்த்ததில்லை.

அதே கூட்டணி அப்போது எடுத்த இன்னும் இரண்டு படங்கள் 'தி டானிக்', 'டே ட்ரீம்ஸ்'. மூன்றிலும் லான்செஸ்டர்தான் நாயகி. சின்னச் சின்ன வேடங்களில் சார்லஸ் லாட்டன் வருவார், திரையில் இன்னும் யாரும் அறியாத லாட்டன். மறுவருடம் இருவரும் கல்யாணம் செய்துகொண்டார்கள்.

இனி நேரத்தைப் பாருங்கள். இந்தப் படங்கள் 1928இல் தயாராகின்றன. அதே வருடம் செப்டம்பரில் லண்டன் பிக்காடிலி தியேட்டரில் 'தி ஜாஸ் சிங்கர்' என்ற பேசும் படம் வந்துவிட்டது. நவம்பரில் மார்பிள் ஆர்ச் ரீகலில் 'தி சிங்கிங் ஃபூல்'. ஊரே ஒலிக்குப் பின்னால் ஓடும்போது ஒலி இல்லாத இரண்டு ரீல் சிரிப்புப் படத்தை எந்தத் தியேட்டர்காரர் கேட்டு வாங்குவார்? லான்செஸ்டர் மாதிரி ஒரு மௌன நகைச்சுவை நடிகை அந்த நாட்டுக்குக் கிடைத்து, அந்த வாய்ப்பு அங்கேயே முடிந்தது. 1935இல் ஃபிராங்கன்ஸ்டைனின் மணமகளாக ஹாலிவுட்டில் அவரைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த விசில்தான் ஞாபகம் வரும்.

5 பிப்ரவரி, சற்று நேரம் கழித்து

டேபிள் டென்னிஸ் மாண்டேகுதானா இவர் என்று கேட்டவருக்கு: ஆமாம், அதே மாண்டேகுதான். 1926இல் சர்வதேச டேபிள் டென்னிஸ் சம்மேளனத்தைத் தொடங்கி அதன் முதல் தலைவராக இருந்தவர். விலங்கியல் படித்தவர். ஹிட்ச்காக்கின் 'தி லாட்ஜர்' படத்தை வெளியிட விநியோகஸ்தர் தயங்கியபோது உள்ளே புகுந்து டைட்டில் கார்டுகளைப் பெருமளவு குறைத்தவரும் இவரே. சாதாரணத் தியேட்டர்களில் வராத படங்களை உறுப்பினர்களுக்குக் காட்ட 1925இல் லண்டனில் ஆரம்பித்த ஃபிலிம் சொசைட்டியிலும் முக்கியப் பங்கு இவருக்கு உண்டு.

7 பிப்ரவரி

சாப்ளினோடு ஒப்பிட்டால் பிரிட்டிஷ் சிரிப்புப் படம் தோற்கும் என்கிறார் இன்னொரு நண்பர். அடிதடிச் சிரிப்பில் தோற்கும், அதை ஒப்புக்கொள்வதில் எனக்குக் கஷ்டமில்லை. வால்டர் ஃபோர்ட் என்பவர் 1920களில் 'வால்டர்' என்ற பாத்திரமாகவே வரிசையாகக் குறும்படங்கள் எடுத்தார். ஹாலிவுட் போய் முயன்றுவிட்டுத் திரும்பினார். கெட்டிக்காரர், உடம்பு வளையும், ஆனால் அவர் அமெரிக்கர்களைப் பார்த்துக் கற்றவர் என்பது தெரியும். அவருடைய உண்மையான பலம் கேமராவுக்குப் பின்னால் இருந்தது. 1932இல் 'ரோம் எக்ஸ்பிரஸ்' படத்தை இயக்கியபோதுதான் அது வெளிப்பட்டது.

பிரிட்டிஷ்காரர்கள் வேறு ஒன்றில் கில்லாடிகள்: கிண்டல். ஏட்ரியன் புரூனல் 1924இல் 'கிராசிங் தி கிரேட் சக்ராடா' என்று ஒரு படம் எடுத்தார். அப்போது சகாராவைக் கடந்தோம், காட்டை வென்றோம் என்று பயணப்படங்கள் வந்துகொண்டிருந்தன. புரூனல் எங்கெங்கோ எடுத்த பயணக் காட்சித் துண்டுகளைச் சேர்த்தார், நடுவில் தானும் நண்பர்களும் வேஷம் கட்டிய சில ஷாட்களைச் செருகினார். டைட்டில் கார்டு ஒன்றைச் சொல்லும், படம் வேறொன்றைக் காட்டும். அடுத்துச் செய்திப்படங்கள் அவரிடம் மாட்டின. 'தி பதெட்டிக் கெசட்', 'எ டிப்பிக்கல் பட்ஜெட்' என்று தலைப்பிலேயே எந்தச் செய்திப்படத்தை ('பதே கெசட்', 'டாபிகல் பட்ஜெட்') குறிவைக்கிறார் என்று அன்றைய ரசிகனுக்குத் தெரிந்துவிடும். 1925இல் சென்சாரைப் பற்றி ஒன்று எடுத்தார், பெயர் 'கட் இட் அவுட்'.

இதைச் சிரிப்பாக மட்டும் நான் பார்ப்பதில்லை. கார்டில் எழுதியிருப்பதை நம்பாதே, படத்தைப் பார் என்று 1924லேயே ஒருவர் ரசிகனுக்குச் சொல்லிக் கொடுக்கிறார்.

10 பிப்ரவரி

நான் சொல்ல ஆசைப்பட்டதே இவரைப் பற்றித்தான். பெர்சி ஸ்மித்.

கல்வி வாரியத்தில் குமாஸ்தாவாக இருந்தவர். ஓய்வு நேரத்தில் பூச்சிகளைப் படம் பிடித்துக்கொண்டிருந்தார், தயாரிப்பாளர் சார்லஸ் அர்பன் கண்ணில் பட்டார். 1910இல் ஈயைப் படுக்க வைத்து அது கால்களால் பொருள்களைச் சுழற்றுவதைக் காட்டி ஊரையே வாய் பிளக்க வைத்தார். அதே வருடம் 'தி பர்த் ஆஃப் எ ஃபிளவர்', மொட்டுகள் விரிவதைக் காட்டும் படம். 1920களின் நடுவில் பிரிட்டிஷ் இன்ஸ்ட்ரக்ஷனல் ஃபிலிம்ஸ் கம்பெனியின் 'சீக்ரெட்ஸ் ஆஃப் நேச்சர்' வரிசையில் சேர்ந்தார். புரூஸ் வுல்ஃப் 1922இல் ஆரம்பித்த வரிசை அது, 1933 வரை ஓடியது. பறவை, பூச்சி, செடி, பூஞ்சைக் காளான் என்று ஒவ்வொரு படமும் ஒரு ரீல். ஊர் ஊராக மெயின் படத்துக்கு முன்னால் காட்டினார்கள்.

ஸ்மித் வேலை செய்தது வடக்கு லண்டன் சவுத்கேட்டில் தன் வீட்டிலேயே. கிடைத்த சாமான்களைக் கொண்டு கருவிகளைத் தானே செய்துகொள்வார். கேமரா குறித்த இடைவெளியில் ஒவ்வொரு ஃபிரேமாக (தனித்தனிப் படமாக) தானே எடுக்க வேண்டும், விளக்கு தானே எரிந்து அணைய வேண்டும். ராத்திரியில் எது நின்றாலும் மணி அடித்து அவரை எழுப்பும்படி ஏற்பாடு. பத்து நாள் வளர்ச்சியைக் கால் மணிக்கு ஒரு ஃபிரேம் வீதம் எடுத்தால் 960 ஃபிரேம். நொடிக்கு 16 என்று ஓட்டினால் திரையில் ஒரு நிமிடம். அந்த ஒரு நிமிடத்துக்காகப் பத்து ராத்திரி மணிச் சத்தத்துக்குக் காது கொடுத்துப் படுத்திருக்க வேண்டும்.

அம்மாவிடம் இவருடைய செடிப் படங்களைப் போட்டுக் காட்டினேன். கொல்லையில் பந்தல் போட்டு அவரைக்கொடி வளர்ப்பவர். கொடி நுனி காற்றில் வட்டம் போட்டுத் துழாவுகிற இடம் வந்ததும், "கொம்பு கெடைக்காம தவிக்குது பாரு" என்றார். அதற்குப் பிறகு பேசவில்லை, முடிந்ததும் இன்னொரு தடவை போடச் சொன்னார். படத்தில் விளக்கம் சொல்ல யாரும் இல்லை, அவருக்குத் தேவைப்படவும் இல்லை.

11 பிப்ரவரி

மௌனப்படத்தை ஓட்டும் வேகம் பற்றிக் கேட்டவருக்கு. நான் முன்பு டவுன் தியேட்டரில் ஆபரேட்டர் வேலை பார்த்தவன், அதனால் இது எனக்கு ரத்தத்தில் ஊறிய விஷயம்.

35 எம்எம் பிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம். ஒலி வந்தபின் நொடிக்கு 24 என்று நிலையாகிவிட்டது, அதாவது நிமிடத்துக்கு 90 அடி. ஆயிரம் அடி ரீல் 11 நிமிடத்தில் முடிந்துவிடும். நொடிக்கு 16 என்று ஓட்டினால் நிமிடத்துக்கு 60 அடி, அதே ரீல் பதினாறரை நிமிடத்துக்கு மேல் வரும். மௌன காலத்தில் கைப்பிடியைச் சுற்றிப் படம் எடுத்தார்கள், ஓட்டுகிறவரும் கொஞ்சம் கூட்டிக் குறைத்து ஓட்டினார். 1920களின் கடைசியில் 20க்கு மேலேயே ஓட்டும் வழக்கம் பரவலாக இருந்தது. ஆகவே எல்லா மௌனப்படமும் 16தான் என்று இங்கே ஒருவர் எழுதியது சரியல்ல.

மனிதர்கள் நடக்கும் படம் வேகம் தப்பினால் உடனே தெரிந்துவிடும், எல்லோரும் குடுகுடுவென்று ஓடுவார்கள். ஸ்மித்தின் செடிகளுக்கு இந்தப் பாதுகாப்பு கிடையாது. ஒரு நிமிடத்தில் வளர வேண்டிய கொடி 24இல் ஓட்டினால் நாற்பது நொடியில் வளர்ந்துவிடும், பார்ப்பவருக்குத் துளியும் சந்தேகம் வராது. ராத்திரி ராத்திரியாக விழித்து அவர் அமைத்த தாளம் அங்கே போய்விடுகிறது. இணையத்தில் கிடக்கும் பிரதிகளில் இது நடக்கும்போது எனக்கு மனசு பதறுகிறது.

இன்னொன்று. ஒலிப்பட்டைக்காக பிலிமின் இடது ஓரத்தில் இடம் ஒதுக்கினார்கள். மௌனப்படத்தைப் பிற்காலத்தில் ஒலியோடு பிரதி எடுத்தபோது படத்தின் இடது ஓரம் போனது. கண்டுபிடிக்க எளிய வழி: டைட்டில் கார்டைப் பாருங்கள். எழுத்துகள் இடப்பக்கம் ஒட்டி, முதல் எழுத்து விளிம்பில் தொங்கினால் வெட்டுப்பட்ட பிரதி.

14 பிப்ரவரி

பேசும் படம் குறும்படத்தைக் கெடுத்தது என்றால் எப்படி என்று கேட்கிறீர்கள். நடிகர் பேசியதால் கெடவில்லை. குறும்படங்களுக்கு வந்தது பின்னணிக் குரல். 1930 வாக்கில் 'சீக்ரெட்ஸ் ஆஃப் நேச்சர்' படங்களுக்கும் குரல் வந்தது. மேரி ஃபீல்ட் அந்த வரிசையின் தூண், வரலாறு படித்தவர், நல்ல எடிட்டர். ஆனால் அந்தக் குரல் செடியை மனிதனாக்கி, பூச்சிக்குக் குடும்பச் சண்டை வைத்து, ரசிகனைச் சிரிக்கத் தூண்டுகிறது. கொடி துழாவுவதை நாமாகக் கண்டுபிடிக்க விடுவதில்லை.

15 பிப்ரவரி

நேற்று எழுதியதோடு இதையும் சேர்க்க வேண்டும். டைட்டில் கார்டும் வாயாடிதான். 1924இல் ஹாரி பார்க்கின்சனும் ஃபிராங்க் மில்லரும் எடுத்த 'வொண்டர்ஃபுல் லண்டன்' வரிசையைப் பாருங்கள். ரீஜென்ட்ஸ் கால்வாயில் படகிலிருந்து எடுத்த பகுதி இன்றைக்கும் குளுகுளுவென்று இருக்கிறது. அதே வரிசையில் 'காஸ்மாபாலிடன் லண்டன்' என்று ஒன்று. லண்டனில் வாழும் சீனர்களையும் கறுப்பர்களையும் பற்றி அதன் கார்டுகள் பேசும் தோரணை அருவருப்பானது. படத்தில் இருப்பவர்களோ தெருவில் நின்று கேமராவை நேராகப் பார்க்கும் சாதாரண மனிதர்கள். கார்டைத் தாண்டிவிட்டு முகங்களை மட்டும் பார்த்தால் அது வேறு படம்.

வித்தியாசம் இங்கேதான் இருக்கிறது. கார்டு சில நொடி நின்றுவிட்டுப் போய்விடும், அப்புறம் நாமும் முகமும்தான். குரல் போகாது, முகத்தின் மேலேயே உட்கார்ந்திருக்கும்.

15 பிப்ரவரி, இரவு

இசை பற்றி. பெரிய தியேட்டரில் மெயின் படத்துக்கு ஆர்கெஸ்ட்ரா வாசிக்கும், குறும்படமும் செய்திப்படமும் ஓடும்போது பல இடங்களில் ஆர்கெஸ்ட்ராவுக்கு ஓய்வு, பியானோக்காரர் மட்டும் கைக்கு வந்ததை வாசிப்பார். ஒலி வந்ததும் அந்த வாத்தியக்காரர்கள் கூட்டம் கூட்டமாக வேலை இழந்தார்கள். 'குறும்படம் போனதில் யாருக்கு நஷ்டம்' என்ற கேள்விக்கு இவர்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

19 பிப்ரவரி

சட்டம் காப்பாற்றவில்லையா என்ற கேள்வி நியாயமானது. 1927 சினிமாட்டோகிராஃப் ஃபிலிம்ஸ் சட்டம் 1928 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. விநியோகஸ்தர் 7.5 சதவீதம், தியேட்டர் 5 சதவீதம் பிரிட்டிஷ் படம் வைத்திருக்க வேண்டும், படிப்படியாக 20 வரை உயரும். ஆனால் செய்திப்படம், இயற்கைக் காட்சி, அறிவியல் படம் ஆகியவை அந்தக் கணக்கில் சேராது என்பதே பொதுவிதி. அதாவது பிரிட்டன் எதில் சிறந்திருந்ததோ அதைச் சட்டமே வெளியே நிறுத்திவிட்டது. பெர்சி ஸ்மித் படத்தை வாங்கினால் தியேட்டர்காரருக்குக் கோட்டாவில் பயன் இல்லை, அவசரத்தில் எடுத்த மட்டமான கதைப்படத்தை வாங்கினால் பயன் உண்டு. போகப்போக ஒரு காட்சிக்கு இரண்டு முழுநீளப் படம் என்ற பழக்கமும் வந்து, ஒரு ரீல் படத்துக்கு இருந்த இடம் சுருங்கிவிட்டது.

இதில் நம் ஊர்க்காரர் ஒருவருக்கும் தொடர்பு உண்டு. பிரிட்டிஷ் படங்களுக்கு இந்தியாவிலும் சலுகை தரலாமா என்ற கேள்வியும் 1927இல் அமைத்த இந்திய சினிமாட்டோகிராஃப் கமிட்டி முன்னால் இருந்தது. தலைவர் மெட்ராஸ் வக்கீல் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார். 1928இல் வந்த அறிக்கை அந்தச் சலுகையை ஏற்கவில்லை. ஆவண ஆர்வம் உள்ளவர்கள் அந்த அறிக்கையைத் தேடிப் படியுங்கள், அன்றைய நம் தியேட்டர்களைப் பற்றிய பொக்கிஷம்.

20 பிப்ரவரி

'டிரிஃப்டர்ஸ்' குறும்படத்தில் சேருமா? சட்டப்படி சேராது. 3000 அடிக்குக் குறைந்தால்தான் குறும்படம், ஆவணப்பட முன்னோடி ஜான் கிரியர்சனின் படம் அதைத் தாண்டும். ஆனால் அதை விட்டுவிட்டு இந்தக் காலத்தைப் பற்றிப் பேச முடியாது. வடகடலில் ஹெர்ரிங் மீன் பிடிப்பவர்களைப் பற்றிய படம். பேரரசுப் பொருள்களுக்கு விளம்பரம் செய்த அரசு அமைப்பான எம்பயர் மார்க்கெட்டிங் போர்டு பணம் கொடுத்தது. கஜானாவில் கையெழுத்துப் போட வேண்டிய ஆர்தர் மைக்கேல் சாமுவேல் ஹெர்ரிங் மீனைப் பற்றிப் புத்தகமே எழுதியவர் என்று தெரிந்துதான் இந்தப் பொருளைத் தேர்ந்தெடுத்தார்கள். 1929 நவம்பர் 10 அன்று ஃபிலிம் சொசைட்டியில் சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைனின் 'போர்க்கப்பல் பொட்டெம்கினோடு' சேர்த்துக் காட்டினார்கள். ஊமைப்படமாகவே.

அந்தப் படத்தில் பெயர் சொல்லி அறிமுகமாகும் ஆள் எவரும் இல்லை. வலையும் நீராவியும் முதுகு வளைந்த ஆட்களும்தான். அதுவே போதுமென்று 1929இல் ஒருவர் நம்பியிருக்கிறார்.

இதன் வாரிசு நம் தியேட்டருக்கும் வந்தது. கிரியர்சன் வட்டத்து அலெக்சாண்டர் ஷா 1940இல் பம்பாய் வந்து ஃபிலிம் அட்வைசரி போர்டில் படத் தயாரிப்பைக் கவனித்தார். போர்க்காலத்தில் அப்படித் தொடங்கிய வேலையின் தொடர்ச்சிதான் 1948இல் வந்த, இந்திய அரசின் ஆவணப்பட நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷன். நான் ஆபரேட்டராக இருந்த காலத்தில் அவர்கள் படத்தை மெயின் படத்துக்கு முன்னால் கட்டாயம் ஓட்ட வேண்டும். ஜனங்கள் பீடி பிடிக்க வெளியே போவார்கள். கேபினில் இருந்த நான் மட்டும் முழுசாகப் பார்த்தேன். குறும்படப் பைத்தியம் பிடித்தது அங்கேதான்.

26 பிப்ரவரி

கார்ட்டூன் பற்றி யாரும் கேட்கவில்லை, நானே சொல்கிறேன். கார்டிஃப்காரர் சிட் கிரிஃபித்ஸ் 1925இலிருந்து 1927 வரை 'ஜெர்ரி' என்ற குறும்புக்கார நாயை வரைந்தார், தியேட்டர்களில் ஓடிய 'பதே பிக்டோரியல்' என்ற படச் சஞ்சிகையில் வந்தது. வரைகிற கை திரைக்குள் வரும், நாய் அந்தக் கையோடு மல்லுக்கு நிற்கும். குழந்தைகளுக்குப் போட்டுக் காட்டுங்கள்.

அதற்கு நேர் எதிர்க்கோடியில் லென் லையின் 'டுசலாவா', 1929. நியூசிலாந்தில் பிறந்து லண்டன் வந்தவர். பசிபிக் தென்கடல் தீவுகளின் கலையில் தோய்ந்தவர். சுமார் இரண்டு வருடம் படம் படமாக வரைந்து பத்து நிமிடத்துக்குள் அடங்கும் படம் செய்தார். புழு போன்ற, செல் போன்ற உருவங்கள் வளர்கின்றன, ஒன்று இன்னொன்றைத் தாக்குகிறது. பார்க்க எனக்குக் கொஞ்சம் பயமாகவே இருக்கும். இதையும் முதலில் காட்டியது ஃபிலிம் சொசைட்டிதான். இரண்டு பியானோவுக்கு ஜாக் எலிட் எழுதிய இசையோடு காட்டினார்கள். ஸ்மித்தின் பூஞ்சைப் படங்களையும் இதையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். ஒருவர் கேமராவால் போன இடத்துக்கு மற்றவர் பென்சிலால் போயிருக்கிறார்.

3 மார்ச்

நிறமும் இருந்ததா என்று கேட்டவருக்கு: இருந்தது. கிளாட் ஃப்ரீஸ்-கிரீன் 1924இல் இங்கிலாந்தின் தென்மேற்கு முனையான லேண்ட்ஸ் எண்டிலிருந்து காரில் கிளம்பி ஸ்காட்லாந்தின் வடகோடி வரை போய் 'தி ஓபன் ரோடு' எடுத்தார், 26 சின்னப் பகுதிகள். கறுப்பு வெள்ளை பிலிம்தான். ஒரு ஃபிரேம் விட்டு ஒரு ஃபிரேம் வடிகட்டி போட்டு எடுத்து, பிரதியில் ஒன்றுக்குச் சிவப்பும் அடுத்ததற்கு நீலப்பச்சையும் ஏற்றினார். அசையாத பொருளில் நிறம் அழகாகச் சேரும், எது அசைந்தாலும் ஓரத்தில் நிறம் பிரிந்து பிதுங்கும், திரையும் துடிக்கும். அன்றைக்கு எடுபடவில்லை. 2006இல் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் கணினி வழியே துடிப்பை அடக்கிச் சீர்செய்த பிறகுதான் ஜனங்கள் பார்த்தார்கள். இது தொழில்நுட்பத்தில் தோற்ற படம், ஒலியால் தோற்றதல்ல. எல்லாப் பழியையும் ஒலி மேல் போட வேண்டாம்.

3 மார்ச், பின்னிரவு

'டாபிகல் பட்ஜெட்' செய்திப்படம் ஒலிக்கு மாறியது என்று ஒருவர் எழுதியிருக்கிறார். மாறவில்லை. 1911இல் தொடங்கியது 1931இல் ஊமையாகவே மூடிவிட்டது. 1929 ஜூனிலேயே 'பிரிட்டிஷ் மூவிடோன்' செய்திப்படம் ஒலியோடு வந்துவிட்டது, அதற்குப் பிறகு இவர்களால் தாக்குப் பிடிக்க முடியவில்லை.

8 மார்ச்

எங்கிருந்து ஆரம்பிப்பது என்பவர்களுக்கு. முதலில் 'புளூபாட்டில்ஸ்', அடுத்து பெர்சி ஸ்மித் எது கிடைத்தாலும், பிறகு புரூனல். 'டிரிஃப்டர்ஸ்' பார்க்கும்போது போனைத் தள்ளி வையுங்கள். காப்பகங்கள் சீர்செய்து வெளியிட்ட பிரதி என்றால் வேகத்தில் கை வைக்காதீர்கள், அவர்கள் பார்த்துப் பார்த்துச் செய்திருப்பார்கள். யாரோ ஏற்றிய பழைய பிரதியில் ஆட்கள் குடுகுடுவென்று ஓடினால் விஎல்சி பிளேயரில் வேகத்தை 0.75 வையுங்கள், 24 என்பது 18 ஆகும். அதுவும் மந்தமாகத் தெரிந்தால் 0.85. பின்னால் சம்பந்தமில்லாத ராக்டைம் பியானோ ஒட்டியிருந்தால் ஒலியை அணைத்துவிடுங்கள்.